மலைச்சரிவில் சாலைக்கு நிலம் எடுக்கும்போது எழும் தகராறுகள்: எங்கே, எப்போது, எப்படிப் பேசித் தீர்ப்பது

கேள்வியின் சுருக்கம் இது. கோத்தகிரி வட்டத்தில் ஒரு குடும்பத்துக்கு ஏறத்தாழ ஒன்றரை ஏக்கர் தேயிலைத் தோட்டம் இருக்கிறது. பட்டா இன்னும் காலமான தாத்தாவின் பெயரில்தான் உள்ளது. மாநில நெடுஞ்சாலையை அகலப்படுத்துவதற்காகச் சாலையை ஒட்டிய 18 சென்ட் நிலத்தை எடுக்கப்போவதாக அறிவிப்பு வந்திருக்கிறது. பணத்தை வாங்காமல் வழக்குப் போடலாம் என்கிறார் கோயம்புத்தூரில் இருக்கும் அண்ணன். அதிகாரிகளிடம் பேசித் தீர்க்க வழி உண்டா என்று கேட்கிறார் தோட்டத்தைப் பார்த்துக்கொள்ளும் தம்பி. அப்பா காலத்தில் ஊர்ப்பாதைக்காக வாய்மொழியாக விட்டுக்கொடுத்த நிலத்துக்கு இப்போது ஏதாவது கேட்க முடியுமா என்பது கூடுதல் கேள்வி.

பேசித் தீர்க்க வழி உண்டு. ஆனால் அந்த வழி, பெரும்பாலோர் எண்ணுவதுபோல, இழப்பீட்டுத் தீர்வம், அதாவது தொகையை முடிவுசெய்யும் உத்தரவு, கைக்கு வந்தபிறகு சென்ட்டுக்கு இவ்வளவு கூட்டித் தாருங்கள் என்று கேட்கும் இடத்தில் இல்லை. எவ்வளவு நிலம் எடுக்கப்படுகிறது, அதில் என்னென்ன நிற்கின்றன, எஞ்சும் நிலம் என்ன ஆகும் என்ற மூன்று செய்திகளும் கோப்பில் ஏறுகிற நாட்களில்தான், மலைப்பகுதித் தகராறுகளின் பெரும்பகுதி தீர்கிறது அல்லது தீராத சிக்கலாக மாறுகிறது. சமவெளியில் விலையே முதன்மையான சண்டை. மலையில் அது மூன்றாவதோ நான்காவதோதான். உங்கள் அண்ணனும் தம்பியும் விவாதித்துக்கொண்டிருக்கும் வேளையில் அளவைப்பணி முடிந்துவிடக் கூடாது என்பதே என் முதல் கவலை.

முதலில், கையில் உள்ள அறிவிப்பு எந்தச் சட்டத்தின் எந்தப் பிரிவின் கீழ் வந்தது என்று பாருங்கள். இதைப் பார்க்காமல் எழுதப்பட்ட ஆட்சேபணை மனுக்களை நிறையவே கண்டிருக்கிறேன். 2013-ஆம் ஆண்டின் மத்திய நில எடுப்புச் சட்டத்தின் பிரிவுகளை வரிசையாக எடுத்தெழுதியிருப்பார்கள். அறிவிப்போ வேறொரு சட்டத்தின்படி வந்திருக்கும். 2014 ஜனவரி 1 அன்று நடைமுறைக்கு வந்த அந்த மத்தியச் சட்டம் சமூகத் தாக்க மதிப்பீடு, மக்கள் கருத்துக் கேட்பு, ஆட்சேபணைக்கு 60 நாள் என்று பல கட்டங்களை வகுத்தது. தமிழ்நாடு அரசு அதில் 105-ஏ என்ற பிரிவைச் சேர்த்து, 2001-ஆம் ஆண்டின் தமிழ்நாடு நெடுஞ்சாலைகள் சட்டம், 1997-ஆம் ஆண்டின் தொழில் நோக்கங்களுக்கான நில எடுப்புச் சட்டம், ஆதிதிராவிடர் நலத் திட்டங்களுக்கான 1978-ஆம் ஆண்டின் நில எடுப்புச் சட்டம் ஆகிய மூன்றையும் அந்தக் கட்டங்களிலிருந்து விலக்கி வைத்தது. 2019 ஜூலையில் சென்னை உயர் நீதிமன்றம் அந்தப் பிரிவு செல்லாது என்றது. அதே ஆண்டில் சட்டமன்றம் மூன்று சட்டங்களுக்கும் மீண்டும் உயிர் கொடுக்கும் புதிய சட்டத்தை இயற்றியது. 2021 ஜூன் 29 அன்று உச்ச நீதிமன்றம் அந்தப் புதிய சட்டம் செல்லும் என்று தீர்ப்பளித்தது. ஆகவே மாநில நெடுஞ்சாலைக்கான உங்கள் 18 சென்ட் நிலத்துக்குச் சமூகத் தாக்க மதிப்பீடு ஏன் நடக்கவில்லை என்று கேட்பதில் பயனில்லை. அதே நேரத்தில், இழப்பீட்டைக் கணக்கிடும் முறை 2013-ஆம் ஆண்டுச் சட்டத்தின் முதல் அட்டவணைப்படியே இருக்க வேண்டும் என்ற பாதுகாப்பு இந்த மூன்று சட்டங்களுக்கும் உண்டு. மறுவாழ்வு, மறுகுடியமர்வு பற்றிய இரண்டாம், மூன்றாம் அட்டவணைகளும் அப்படியே பொருந்தும்.

நெடுஞ்சாலைகள் சட்டத்தின் 15-ஆம் பிரிவை இருமுறை படியுங்கள். நிலத்தை ஏன் எடுக்கக் கூடாது என்று காரணம் கேட்கும் அறிவிப்பு முதலில் வரும். உங்கள் விளக்கத்தைப் பரிசீலித்த பின்னர் அரசிதழில் அறிவிக்கை வெளியாகும். அது வெளியான அன்றே நிலம் எவ்விதப் பாத்தியதையும் இல்லாமல் அரசுக்கு உரியதாகிவிடும். அதாவது, நிலத்தின் பரப்பையோ சாலையின் நேர்கோட்டையோ மாற்றச் சொல்லிக் கேட்பதற்கான காலம் காரணம் கேட்கும் அறிவிப்புக்கும் அரசிதழுக்கும் இடைப்பட்ட சில வாரங்கள் மட்டுமே. 181-ஆம் எண் தேசிய நெடுஞ்சாலை போன்றவற்றுக்கு, அதாவது மேட்டுப்பாளையம், குன்னூர், உதகை, கூடலூர் வழியாகக் குண்டல்பேட்டை செல்லும் சாலைக்கு, 1956-ஆம் ஆண்டின் தேசிய நெடுஞ்சாலைகள் சட்டம் பொருந்தும்; அங்கே ஆட்சேபணைக்கு 21 நாள்தான். அணை, மின் திட்டம், அரசுக் கட்டடம் போன்றவற்றுக்கு 2013-ஆம் ஆண்டுச் சட்டமே நேரடியாக வரும். உங்களுக்கு வந்தது காரணம் கேட்கும் அறிவிப்பாக இருந்தால் நேரம் இருக்கிறது என்று பொருள்.

அந்த நேரத்தில் செய்ய வேண்டியதில் எரிச்சலூட்டக்கூடியது பட்டா வேலைதான், ஆனால் அதைத் தள்ளிப்போட முடியாது. தாத்தாவின் பெயரில் பட்டா இருக்கும்வரை அறிவிப்பு அவர் பெயருக்கே வரும், பணமும் யாருக்கும் போகாமல் வைப்பில் கிடக்கும். வாரிசுச் சான்று, இறப்புச் சான்று, வில்லங்கச் சான்று, அ-பதிவேட்டு நகல், புலப்பட வரைபடம் ஆகியவற்றை எடுத்து வைத்துக்கொண்டு, தனி வட்டாட்சியரிடம் இன்னார் இன்னார் பாத்தியதைப்பட்டவர்கள் என்று எழுத்துமூலம் தெரிவியுங்கள். இதில் கட்டிக்கொடுத்த சகோதரிகளை விட்டுவிட்டுப் பட்டியல் போடுவது எங்கள் மலைக் கிராமங்களில் இன்றும் நடக்கிறது. பூர்வீகச் சொத்தில் மகளுக்கும் மகனுக்கும் சம உரிமை என்பதைத் தமிழ்நாடு 1989-லேயே சட்டமாக்கியது. அதற்கு முன்பே மணமானவர்களை அந்தச் சட்டம் விட்டுவிட்டது; 2005-இன் மத்தியச் சட்டத்தில் அந்த விலக்கு இல்லை. அத்தையோ தங்கையோ பின்னாளில் ஆட்சேபித்தால், பங்கீட்டுத் தகராறு என்று முழுத் தொகையும் தீர்ப்பாயத்துக்கோ நீதிமன்றத்துக்கோ போய்விடும்; அரசோடு உள்ள தகராறு ஆறு மாதத்தில் முடிந்தாலும் குடும்பத் தகராறு ஆறு ஆண்டு ஓடும். எல்லோரும் கையெழுத்திட்ட ஒரு பங்கீட்டு ஒப்புதல், சென்ட் விலையில் கிடைக்கும் எந்த உயர்வைவிடவும் மதிப்புள்ளது.

அடுத்து அளவு. நில அளவைத் துறையின் பரப்பு என்பது கிடைமட்டப் பரப்பு. சரிவின் மேல் நாடாவைப் பிடித்து அளந்தால் கிடைக்கும் நீளம் அதைவிடக் கூடுதலாகவே இருக்கும். 30 பாகைச் சரிவில் நூறு மீட்டர் நாடா, வரைபடத்தில் ஏறத்தாழ 87 மீட்டர்தான். இதை அறியாமல் அதிகாரி நிலத்தைத் திருடிவிட்டார் என்று தொடங்கும் சண்டைகள் உண்டு. அறிந்தும் சொல்லாமல் விடும் அதிகாரிகளும் உண்டு. பரப்பில் நீங்கள் வாதாடிப் பயனில்லை. ஆனால் தேயிலைச் செடிகளின் எண்ணிக்கையில் இதுவே உங்களுக்குச் சாதகமாகும். ஏக்கருக்கு இத்தனை செடி என்ற வாய்பாட்டை வரைபடப் பரப்போடு பெருக்கிக் கணக்கிட்டால், சரிவில் உண்மையாக நிற்கும் செடிகளில் ஒரு பகுதி விடுபடும். ஆகவே கூட்டுத் தணிக்கையின்போது, அதாவது அதிகாரிகள் உங்களையும் வைத்துக்கொண்டு நிலத்தைப் பார்வையிடும்போது, செடிகளை வரிசை வரிசையாக எண்ணச் சொல்லி, அந்த எண்ணிக்கையைத் தணிக்கைக் குறிப்பில் ஏற்றி, நகலில் கையெழுத்து வாங்குங்கள். அளவைக் கல் நடப்பட்ட இடங்களைப் புகைப்படம் எடுத்துக்கொள்வதும் நல்லது. ஒரு பருவமழைக்குப் பிறகு அந்தக் கற்கள் அதே இடத்தில் இருக்கும் என்று மலையில் யாரும் உறுதி சொல்ல முடியாது.

எண்ணிக்கை ஏன் இவ்வளவு முக்கியம் என்றால், கணக்கின் கட்டமைப்பு அப்படி. நிலத்தின் சந்தை மதிப்பை, நகர்ப்புறத்திலிருந்து உள்ள தூரத்தைப் பொறுத்து ஒன்று முதல் இரண்டு வரையுள்ள ஒரு காரணியால் பெருக்குவார்கள். அதனுடன் மரம், செடி, கட்டடம், கிணறு ஆகியவற்றின் மதிப்பைக் கூட்டுவார்கள். அந்த மொத்தத்துக்குச் சமமான தொகை ஆறுதல் தொகையாக, அதாவது நூற்றுக்கு நூறாக, மேலும் சேரும். சென்ட் ஒரு இலட்சம் என்றும் காரணி 1.25 என்றும் பேச்சுக்கு வைத்துக்கொண்டால், 18 சென்ட்டுக்கு 22.5 இலட்சம், செடிகளும் மரங்களும் 3 இலட்சம் என்றால் 25.5 இலட்சம், ஆறுதல் தொகையோடு 51 இலட்சம். ஆயிரம் ரூபாய் மதிப்புள்ள ஒரு சில்வர் ஓக் மரம் பட்டியலில் விடுபட்டால் இரண்டாயிரம் ரூபாய் போகிறது. மரத்தின் விலையை வனத்துறையும், பயிர்களின் விலையைத் தோட்டக்கலைத் துறையும், கட்டடத்தின் விலையைப் பொதுப்பணித் துறையும் நிர்ணயிக்கும். ஆனால் அவர்கள் விலை போடுவது பட்டியலில் இருப்பதற்கு மட்டும்தான்.

இந்த வகையில் பழனி மலை விவசாயிகளின் இழப்பு நம்முடையதைவிடப் பெரிது. தாண்டிக்குடி, பண்ணைக்காடு பக்கத்துத் தோட்டங்களில் ஒரே சென்ட்டில் சில்வர் ஓக் நிற்கும், அதைப் பற்றி மிளகுக்கொடி ஏறியிருக்கும், நிழலில் காப்பி இருக்கும், இடையிடையே மலைவாழையும் ஆரஞ்சும் பட்டர் ஃப்ரூட்டும் இருக்கும். பட்டியல் எழுதுபவர் காப்பித் தோட்டம் என்று ஒரே வரியில் முடித்துவிட்டால் மேலடுக்கும் கொடியும் கணக்கில் வராது. தாண்டிக்குடியில் காப்பி வாரியத்தின் மண்டல ஆராய்ச்சி நிலையமும், தடியன்குடிசையில் வேளாண் பல்கலைக்கழகத்தின் தோட்டக்கலை ஆராய்ச்சி நிலையமும் இருக்கின்றன. செடியின் வயது, எஞ்சிய காய்ப்புக் காலம் பற்றி அங்கிருந்து பெறும் ஒரு கடிதம் வாதத்தைவிட வலுவான சான்று. மன்னவனூர், பூம்பாறை, கவுஞ்சியில் பூண்டோ உருளைக்கிழங்கோ நிலத்தில் இருக்கும்போது கையகப்படுத்தினால், நிற்கும் பயிருக்கான சேதம் தனித் தலைப்பு. அதை நிலத்தின் விலைக்குள் அடக்கிவிடக் கூடாது. உங்கள் விஷயத்தில் கூட்டுறவுத் தேயிலைத் தொழிற்சாலைக்கு இலை கொடுத்த கணக்கே விளைச்சலுக்கான முதல் சான்று. ஒரு எச்சரிக்கை மட்டும்: விளைச்சலை மூலதனமாக்கி நிலத்தின் விலையைக் கேட்டால், அதே செடிகளுக்குத் தனியாகவும் விலை கேட்க நீதிமன்றங்கள் இடம் தருவதில்லை. இரண்டில் எது கூடுதலோ அதைத் தேர்ந்துகொள்ள வேண்டும்.

விலையைப் பற்றிச் சுருக்கமாகவே சொல்கிறேன், ஏனெனில் இதில் உங்களால் மாற்றக்கூடியது குறைவு. பதிவுத் துறையின் வழிகாட்டி மதிப்பு, அண்டையில் கடந்த மூன்றாண்டுகளில் நடந்த கிரயங்களில் விலை கூடிய பாதியின் சராசரி, இவற்றில் எது அதிகமோ அதுவே அடிப்படை. மலையில் தேயிலை நிலக் கிரயங்கள் எண்ணிக்கையில் குறைவு. முத்திரைத் தீர்வைக்கு அஞ்சிக் குறைத்து எழுதப்பட்ட பத்திரங்களோ அதிகம். அன்று குறைத்து எழுதியதன் விலையை இன்று பக்கத்துத் தோட்டக்காரர் கொடுக்க வேண்டியிருக்கிறது. கோத்தகிரி சார்பதிவாளர் அலுவலகத்தில், சாலை முகப்புள்ள, ஒத்த தன்மையுடைய நிலங்களின் கிரயப் பத்திர நகல்களை நீங்களே எடுத்துக் கொடுங்கள். அலுவலகம் தானாகத் தேடி எடுப்பதில் உங்களுக்குச் சாதகமானது முதலில் கண்ணில் படாது. அறிவிக்கைத் தேதியையும் கவனியுங்கள். 2017 ஜூன் 9 அன்று தமிழ்நாட்டில் வழிகாட்டி மதிப்பு 33 விழுக்காடு குறைக்கப்பட்டது; 2024 ஜூலை 1 முதல் திருத்திய மதிப்புகள் வந்தன. எந்தத் தேதியின் மதிப்பு பொருந்தும் என்பதே சில வழக்குகளில் மொத்தத் தகராறும்.

எஞ்சும் நிலத்தைப் பற்றித்தான் நான் விரிவாகச் சொல்ல விரும்புகிறேன். உங்கள் தோட்டம் சாலைக்கு மேற்புறமா, கீழ்ப்புறமா என்று நீங்கள் எழுதவில்லை. இரண்டுக்கும் இழப்பு வேறு வேறு. மேற்புறமானால், சாலையை அகலப்படுத்த அடிவாரத்தைச் செங்குத்தாக வெட்டுவார்கள்; பிடிமானம் இழந்த மேல்மண் அடுத்த வடகிழக்குப் பருவமழையிலோ அதற்கடுத்ததிலோ இறங்கும். 2009 நவம்பரில் பெய்த பெருமழையில் நீலகிரியில் நாற்பதுக்கும் மேற்பட்டோர் நிலச்சரிவில் இறந்ததை இங்குள்ள எவரும் மறந்திருக்க மாட்டார்கள். கீழ்ப்புறமானால், வெட்டிய மண்ணை உங்கள் தோட்டத்தில் தள்ளிவிடுவதும், சாலை நீர் முழுவதையும் ஒரே சிறுபாலத்தின் வழியாக உங்கள் செடிகளின் மேல் திறந்துவிடுவதும் நடக்கும். மேலும், தலைச்சுமையாக இலை இறக்கும் ஒற்றையடிப் பாதை அறுபடலாம். ஊற்றிலிருந்து வரும் குழாய் வெட்டுப்படலாம். எஞ்சும் துண்டு ஒரு மூலையில் எதற்கும் உதவாத வடிவில் நிற்கலாம்.

இவை வெறும் முறையீடுகள் அல்ல, சட்டத்தில் இடமுள்ள இழப்புகள். 2013-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 28-ஆம் பிரிவும் தேசிய நெடுஞ்சாலைகள் சட்டத்தின் 3-ஜி பிரிவும், நிலம் துண்டாடப்படுவதால் ஏற்படும் சேதத்தையும், எஞ்சிய சொத்துக்கும் வருமானத்துக்கும் ஏற்படும் கேட்டையும் தனித்தனித் தலைப்புகளாகச் சொல்கின்றன. வீட்டின் ஒரு பகுதி மட்டும் எடுக்கப்பட்டால் முழு வீட்டையும் எடுத்துக்கொள்ளச் சொல்லும் உரிமை 2013-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 94-ஆம் பிரிவில் இருக்கிறது. இருந்தும் பெரும்பாலான மனுக்களில் இந்தத் தலைப்பே இருப்பதில்லை. கேட்காததை யாரும் கொடுப்பதில்லை. எந்தச் சட்டத்தின் கீழ் அறிவிப்பு வந்திருந்தாலும் இதைத் தனிப் பத்தியாக, தொகையோடு கேளுங்கள்.

தொகையைவிடப் பயனுள்ளது வேலையாகக் கேட்பது. தடுப்புச் சுவர் எந்தச் சங்கிலி அளவிலிருந்து (சாலையின் நீளத்தில் இடத்தைக் குறிக்கும் தூர அளவு) எதுவரை, எவ்வளவு உயரம். வடிகால் எங்கே திறக்க வேண்டும். தோட்டத்துக்கு ஏறப் படிக்கட்டோ சாய்தளமோ எந்த இடத்தில். குழாய்க்குச் சாலையின் அடியில் ஒரு உறை எங்கே பதிக்க வேண்டும் என்று ஒரு வரைபடத்தில் குறித்து, நெடுஞ்சாலைத் துறையின் கோட்டப் பொறியாளரிடமும் நில எடுப்பு அலுவலரிடமும் ஒரே நாளில் கொடுங்கள். ஒப்பந்தப்புள்ளி கோருவதற்கு முன்னால் மதிப்பீட்டில் சில மீட்டர் சுவரைச் சேர்ப்பது பொறியாளருக்கு எளிது. ஒப்பந்தம் கையெழுத்தான பிறகு அதே சுவர் கூடுதல் பணியாகி, அனுமதிக்காக மேலும் கீழும் அலையும். இழப்பீட்டுத் தொகையை உயர்த்த எந்த அதிகாரியும் தயங்குவார், தணிக்கை வரும் என்ற அச்சம்தான் காரணம். ஆனால் பொறியியல் காரணம் உள்ள ஒரு சுவரைச் சேர்க்க அந்த அச்சம் இல்லை. நான் பார்த்தவரை, மலைப்பகுதியில் மனக்கசப்பில்லாமல் முடிந்த நில எடுப்புகள் பெரும்பாலும் இந்த வழியில்தான் முடிந்தன. வாய்ச்சொல்லை மட்டும் நம்பாதீர்கள். கூட்டக் குறிப்பிலோ ஒப்பந்தத்திலோ அது எழுத்தாக வேண்டும்.

மரங்களைப் பொறுத்தவரை ஒரு சிறு குறிப்பு. நிலம் போகத்தானே போகிறது என்று சில்வர் ஓக்கை முன்கூட்டியே வெட்டி விற்றுவிடாதீர்கள். 1955-ஆம் ஆண்டின் மலைப்பகுதி மரப் பாதுகாப்புச் சட்டம் பட்டா நிலத்து மரங்களுக்கும் பொருந்தும். அனுமதியில்லாமல் வெட்டினால் இழப்பீட்டுப் பட்டியலிலிருந்து மரம் போவதோடு வழக்கும் வரும்.

இனி விலையில் உடன்படுவது. நெடுஞ்சாலைகள் சட்டத்திலேயே தொகையை ஒப்பந்தத்தின் மூலம் தீர்மானிக்க இடமுண்டு. உடன்பாடு இல்லாதபோதுதான் ஆட்சியர் நிர்ணயிக்கிறார். மாவட்ட ஆட்சியர் தலைமையிலான குழு நில உரிமையாளரோடு நேரடியாகப் பேசி விலையை முடிக்கும் முறையும் மாநிலத்தில் உள்ளது. பேச்சுவார்த்தைக்குப் போகும்போது ஊராகப் போங்கள். ஒவ்வொருவராகப் போனால் கடைசியில் போகிறவருக்கு முதலில் போனவரின் விலையே எல்லையாகிவிடும். உடன்பட்டுக் கையெழுத்திட்ட பின்னர் கூடுதல் கேட்டு நீதிமன்றம் செல்லும் வழி பெரும்பாலும் அடைபட்டுவிடும் என்பதால், தடுப்புச் சுவர் முதலிய நிபந்தனைகளும் அதே ஆவணத்தில் இருக்கிறதா என்று பார்த்துக் கையெழுத்திடுங்கள்.

உடன்பாடு இல்லையென்றால் அண்ணன் சொல்வதுபோலப் பணத்தை மறுக்கலாமா? மறுக்க வேண்டாம். மறுத்த பணம் தீர்ப்பாயத்திலோ நீதிமன்றத்திலோ வைப்பாகக் கிடக்கும், நிலமும் போயிருக்கும். பணத்தை வாங்கிக்கொள்ளுங்கள், ஆனால் ஆட்சேபணையுடன் பெறுகிறேன் என்று பற்றுச்சீட்டிலேயே எழுதி, அதன் நகலை வைத்துக்கொள்ளுங்கள். 2013-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 77-ஆம் பிரிவின்படி, ஆட்சேபணை தெரிவிக்காமல் தொகையைப் பெற்றவர் 64-ஆம் பிரிவின் கீழ் கூடுதல் கேட்க முடியாது. அந்த 64-ஆம் பிரிவு மனுவை, தீர்வம் அளிக்கப்பட்டபோது நேரிலோ பிரதிநிதி வழியாகவோ இருந்தவர் 6 வாரத்துக்குள் ஆட்சியரிடம் கொடுக்க வேண்டும். தக்க காரணம் காட்டினால் மேலும் ஓராண்டு வரை ஏற்கலாம். ஆட்சியர் அதை 30 நாளுக்குள் தீர்ப்பாயத்துக்கு அனுப்பியாக வேண்டும். அங்கிருந்து மேல்முறையீடு உயர் நீதிமன்றத்துக்கு. நீலகிரிக்குச் சென்னை, கொடைக்கானலுக்கு மதுரைக் கிளை. கூடுதலாகத் தீர்மானிக்கப்படும் தொகைக்கு, நிலம் கையகப்பட்ட நாளிலிருந்து முதலாண்டுக்கு 9 விழுக்காடும் அதன் பிறகு 15 விழுக்காடும் வட்டி உண்டு. நெடுஞ்சாலைகள் சட்டத்தில் இதற்கிணையான மனு அச்சட்டத்தின் 20-ஆம் பிரிவின்படி நீதிமன்றத்துக்குப் போகும். அதன் காலவரம்பை அறிவிப்பு வந்த வாரமே ஒரு வழக்கறிஞரிடம் காட்டிக் குறித்துக்கொள்ளுங்கள்.

தேசிய நெடுஞ்சாலையாக இருந்தால் பாதை வேறு. மத்திய அரசு நியமிக்கும் நடுவர், நடைமுறையில் பெரும்பாலும் மாவட்ட ஆட்சியர், தொகையைத் தீர்மானிப்பார். நடுவர் தீர்ப்பை நீதிமன்றம் ரத்து செய்யலாமே தவிரத் தொகையை மாற்றி எழுத முடியாது என்று 2021 ஜூலையில் உச்ச நீதிமன்றம் சொன்னது. அதுவும் தமிழ்நாட்டு நிலங்களைப் பற்றிய வழக்குகளில்தான். 2025 ஏப்ரலில் ஐந்து நீதிபதிகள் அமர்வு, குறுகிய எல்லைக்குள் மாற்றலாம் என்று அந்தக் கதவைச் சற்றே திறந்தது. ஆகவே அங்கே நடுவர் முன் வைக்கும் சான்றுகளே ஏறக்குறைய முதலும் முடிவுமானவை.

உரிமையியல் நீதிமன்றத்தில் தடை வாங்கிவிடலாம் என்ற எண்ணத்தைக் கைவிடுங்கள். 2013-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 63-ஆம் பிரிவு அதைத் தடுக்கிறது. உயர் நீதிமன்ற ரிட் மனு மட்டுமே எஞ்சும். ஆட்சேபணையைக் கேட்கவே இல்லை, தவறான புல எண் போன்ற நடைமுறைக் குறைகள் இருந்தால் அது பயன்படும், விலைக்காகப் பயன்படாது. மக்கள் நீதிமன்றம் நல்ல வழிதான், செலவில்லை, முடிவு இறுதியானது. ஆனால் அங்கே ஒருவர் பெற்ற உயர்வைக் காட்டிப் பக்கத்து நிலத்தார் தங்கள் இழப்பீட்டையும் உயர்த்தக் கேட்க முடியாது என்று 2022 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் 1894-ஆம் ஆண்டின் பழைய நில எடுப்புச் சட்டத்தின் 28-ஏ பிரிவைப் பற்றிய வழக்கில் தீர்ப்பளித்திருக்கிறது. ஒரு கிராமத்தில் ஒரே ஒருவர் வழக்காட, மற்றவர்கள் அவர் வெற்றியை எதிர்பார்த்துக் காத்திருக்கும் வழக்கம் நம்மிடம் உண்டு. அவர் மக்கள் நீதிமன்றத்தில் சமரசமானால் காத்திருந்தவர்களுக்கு ஒன்றுமில்லை.

பட்டா இல்லாதவர்களின் நிலையையும் சொல்லியாக வேண்டும், உங்கள் கேள்வியில் அது இல்லையென்றாலும் உங்கள் சாலையிலேயே அப்படிப்பட்டவர்கள் இருக்கக்கூடும். கூடலூர், பந்தலூரில் ஜன்மம் எனப்படும் பரம்பரைப் பெருநில உரிமையை ஒழித்த 1969-ஆம் ஆண்டின் சட்டத்தின் கீழ் உரிமை இன்னும் தீராத நிலங்களில் தலைமுறைகளாகக் குடியிருப்போர் பலர். நீதிமன்ற ஆய்விலிருந்து காப்பதற்காக அரசியல் சாசனத்தின் ஒன்பதாம் அட்டவணையில் வைத்த சட்டங்களையும், சாசனத்தின் அடிப்படைக் கட்டமைப்புக்கு எதிராக இருந்தால் நீதிமன்றம் ஆராயலாம் என்று ஒன்பது நீதிபதிகள் 2007-இல் வழங்கிய புகழ்பெற்ற தீர்ப்பு இந்தக் கூடலூர்ச் சட்டத்திலிருந்து கிளம்பிய வழக்கில்தான் வந்தது. இந்தியா முழுவதுக்கும் சட்டம் வகுத்துக் கொடுத்த மண்ணில் வாழ்பவருக்கு இன்னும் பட்டா இல்லை. ஆனால் 2013-ஆம் ஆண்டுச் சட்டம் நில உரிமையாளர் என்ற வரையறைக்குள், வன உரிமைச் சட்டத்தின்படி உரிமை வழங்கப்பட்டவரையும், மாநிலச் சட்டப்படி பட்டா பெறத் தகுதியுடையவரையும் சேர்க்கிறது. நிலமே இல்லாமல் மூன்றாண்டுகளாக அங்கே உழைத்து வாழும் குடும்பமும் பாதிக்கப்பட்ட குடும்பமாகும். தோட்ட லைன் வீடுகளில் இருப்போரும் பழங்குடியினரும் தங்கள் பெயரைக் கணக்கெடுப்பில் ஏற்றச் சொல்லி மனு கொடுக்க வேண்டியது இந்த அடிப்படையில்தான். சீகூர் பீடபூமியின் யானை வழித்தடத் தகராறு இதிலிருந்து வேறுபட்டது. அங்கே 2020 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் அமைத்த ஓய்வுபெற்ற நீதிபதி தலைமையிலான குழுவே தனிப்பட்ட நில உரிமையாளர்களின் ஆட்சேபணைகளைக் கேட்பதற்கானது.

கடைசியாக, அப்பா விட்டுக்கொடுத்த ஊர்ப்பாதை. இமாச்சலப் பிரதேசத்தில் 1967-68-இல் சாலைக்காக நிலம் எடுக்கப்பட்டு, இழப்பீடே வழங்கப்படாத ஒரு மூதாட்டியின் வழக்கில், 2020 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் அரசின் தாமத வாதத்தையும் நீண்டகால அனுபவ வாதத்தையும் தள்ளிவிட்டு இழப்பீடு வழங்கச் சொன்னது. மலைநாட்டுச் சாலை, எழுத்தறிவில்லாத உரிமையாளர் என்ற வகையில் அது நம் நிலைமைக்கு மிக நெருக்கமான தீர்ப்பு. அரசியல் சாசனத்தின் 300-ஏ பிரிவு தரும் சொத்துரிமைக்குள் அறிவிப்புப் பெறுதல், கேட்கப்படுதல், நியாயமான இழப்பீடு ஆகியவை அடங்கும் என்று 2024 மே மாதத் தீர்ப்பும் விரித்துச் சொன்னது. ஆனால் உங்கள் தந்தை மனமுவந்து விட்டுக்கொடுத்தாரா, அல்லது கேட்காமலே எடுக்கப்பட்டதா என்பதில் எல்லாம் நிற்கிறது. மனமுவந்து கொடுத்து, ஊரே அதில் நடந்து, உங்கள் வீடும் அந்தப் பாதையால் பயன்பெற்றிருந்தால், இழப்பீட்டுக் கோரிக்கை வலுவிழந்துவிடும். அந்தப் பாதை இன்னும் உங்கள் பட்டாவுக்குள்ளேயே இருந்து, இப்போதைய அகலப்படுத்தலில் அதன் ஒரு பகுதியும் சாலைக்குள் வருகிறதா என்று புலப்பட வரைபடத்தில் பாருங்கள். அப்படி வந்தால் பழைய கதையைத் தனி வழக்காக்கத் தேவையில்லை. அந்த இரண்டொரு சென்ட்டையும் இப்போதைய 18 சென்ட்டோடு சேர்த்து எடுப்புப் பட்டியலில் ஏற்றச் சொல்லி, காரணம் கேட்கும் அறிவிப்புக்கான பதிலிலேயே எழுதுங்கள்.